ஒஹாயோவில் இருக்கும் மகனுக்கு

அன்புள்ள செந்திலுக்கு,

இங்கு யாவரும் நலம். நீ நகரசபைக்கு நிற்கப்போவதாக அம்மா சொன்னாள். சந்தோஷம். கடனில்லாமல் பத்திரிகை நடத்துகிறவனுக்குப் போடாமல் ஊர் வேறு யாருக்கு ஓட்டுப் போடும்? என்னிடமும் ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம்.

கொலம்பஸிலிருந்து வடக்கே ஒரு மணி நேரத்தில் மேரியன் வந்துவிடும். அமெரிக்க அதிபராக இருந்த வாரன் ஹார்டிங் குடியிருந்த வீட்டை இன்னும் காட்டுகிறார்கள், போய்ப் பார். 1884-ல் இரண்டு நண்பர்களோடு சேர்ந்து, நொடித்துக் கிடந்த 'மேரியன் ஸ்டார்' தினசரியை 300 டாலருக்கும் அதன் கடனுக்கும் வாங்கினார். இருபது வயதுகூட ஆகவில்லை. பத்திரிகையோடு வந்த ரயில் பாஸில் சிகாகோவுக்குக் கட்சி மாநாடு பார்க்கப் போனார். திரும்பி வந்தால், பத்திரிகையை ஷெரீஃப் கைப்பற்றியிருந்தார்! பிறகு எப்படியோ மீட்டார். மாநாடு, மாலை என்று நீ கிளம்பும்போது அச்சக பில்லை யார் கட்டுவார் என்று முதலில் பார்த்துக்கொள்.

ஸ்டாரைத் தூக்கி நிறுத்தியதில் பாதி அவர் மனைவி ஃப்ளாரன்ஸ். விநியோகத்தைக் கையில் எடுத்து, பையன்களைப் பழக்கி வீடு வீடாகப் போடவைத்து, சந்தா பாக்கியைக் கறாராக வசூலித்தார். நீ காயத்ரி பேச்சைக் கேட்பதில்லை என்று கேள்விப்பட்டேன். கேள்.

ஹார்டிங் தினசரியில் கட்சி வாடை வராமல் பார்த்துக்கொண்டார். குடியரசுக் கட்சிச் சார்பு வாரப் பதிப்பில் மட்டும்தான். ஆகவே இரு தரப்புக் கடைக்காரர்களும் விளம்பரம் கொடுத்தார்கள். எதற்கும் இரண்டு பக்கம் உண்டு, இரண்டையும் கேட்டு எழுது என்பது நிருபர்களுக்கு அவர் வைத்த விதி. உன் எதிராளி விளம்பரம் கேட்டால் அதே ரேட்டா? உன் பேச்சு எந்தப் பக்கத்தில் வரும்? மனு போடுமுன் எழுதி ஒட்டிவிடு. பிறகு எழுதினால் யாரும் நம்ப மாட்டார்கள்.

1920-ல் அதிபர் தேர்தலில் அவரை எதிர்த்து நின்ற ஜேம்ஸ் காக்ஸும் ஒஹாயோ பத்திரிகைக்காரர், டேட்டனில். ஹார்டிங் பெரும்பாலும் தன் வீட்டு முன் தாழ்வாரத்தில் நின்றே பேசினார். வீட்டுக்குப் பின்னாலேயே செய்தியாளர்களுக்கு ஒரு சின்ன வீடு. 404 தேர்வாளர் ஓட்டு வாங்கி ஜெயித்தார். வெள்ளை மாளிகைக்குப் போன பிறகும் சட்டைப் பையில் அச்சுக்கோர்ப்பவரின் ரூல் வைத்திருந்தாராம், பக்கம் கட்டும்போது வரிகளைப் பிரித்தெடுப்போமே, அந்த உலோகத் தகடு.

அப்படிப்பட்டவர் கெட்டது எதிரிகளால் இல்லை. 1921-ல் கடற்படையின் எண்ணெய் வயல்களை உள்துறைக்கு மாற்றும் உத்தரவில் கையெழுத்திட்டார். உள்துறை அமைச்சர் ஆல்பர்ட் ஃபால், செனட்டில் ஹார்டிங்கோடு உட்கார்ந்தவர். டெண்டர் விடாமல் வயோமிங்கின் டீபாட் டோம் வயலை ஹாரி சின்க்ளேருக்கும், கலிஃபோர்னியாவின் எல்க் ஹில்ஸ் வயலை எட்வர்ட் டொஹீனிக்கும் என்று இரண்டு எண்ணெய் முதலாளிகளுக்குக் குத்தகை கொடுத்தார். டொஹீனியிடம் அவருக்கு வந்தது ஒரு லட்சம் டாலர் ரொக்கம், பையில் போட்டு. பெயர் என்ன தெரியுமா? 'கடன்'. ஃபால் ஜெயிலுக்குப் போனார். ஹார்டிங் அதில் காசு தொட்டதாக யாரும் நிரூபிக்கவில்லை. 1923 ஆகஸ்டில் சான் ஃபிரான்சிஸ்கோவில் இறந்தும் போனார். ஆனாலும் டீபாட் டோம் என்றால் இன்றைக்கும் அவர் பெயர்தான் வருகிறது.

நண்பர்கள் தருவதைக் கடன் என்று எழுதிக்கொள்ளாதே. காசோலையாக வாங்கு, தேதி போட்டு ரசீது கொடு, ரொக்கம் வேண்டவே வேண்டாம். உன் சித்தப்பா விஷயத்தை இங்கே எழுதவில்லை. உன் பிரசுரச் செலவு முழுவதையும் யாரோ ஒரு மனிதர் பார்த்துக்கொள்கிறாராமே? நல்லவராகவே இருக்கட்டும். ஃபாலையும் ஹார்டிங் நல்லவர் என்றுதான் நினைத்தார். ரசீது கொடு.

குளிருக்குக் காதை மூடிக்கொண்டு போ. தேர்தல் கணக்குக்குப் பொருளாளராக யாரைப் போட்டிருக்கிறாய்? அம்மாவிடம் சொல்லி அனுப்பாதே, எனக்கே எழுது.

அன்புடன்,
அப்பா