விழுவதற்கு முந்தின நொடி

அன்பு மகளுக்கு,

பழைய டாம் அண்ட் ஜெர்ரியை இந்தக் காலத்துப் பிள்ளைகள் ரசிப்பார்களா என்று கேட்டிருந்தாய். பேரனுக்குத் தாராளமாகப் போட்டுக் காட்டு. ஆனால் பார்த்துப் பொறுக்கித்தான் காட்ட வேண்டும்.

இந்த மாதிரிப் பழைய கார்ட்டூன்களில் சிரிப்பு இருப்பது அடிக்கு முந்தின நொடியில். இன்னொரு கார்ட்டூனில், ரோட் ரன்னர் என்ற பறவையைத் துரத்தும் கயோட்டி (ஓநாய் போன்ற விலங்கு) மலைவிளிம்பைத் தாண்டியதும் விழுந்துவிடாது. அந்தரத்தில் நிற்கும், கீழே பார்க்கும், நம்மைப் பாவமாகப் பார்க்கும், அப்புறம்தான் விழும். நொடிக்கு 24 பிரேம், அதாவது 24 தனிப் படங்கள், ஓடுகிற படத்தில் அந்த நிறுத்தம் 4 பிரேம் என்றால் கண்ணில் படாது. 3 நொடி இழுத்தால் ஆறிப்போகும். புள்ளியாகி மறைந்த பிறகும் தரையில் புழுதி கிளம்பச் சற்றுத் தாமதமாகும். அதிலும் ஒரு சிரிப்பு. 1949-ல் இயக்குநர் சக் ஜோன்ஸ் தொடங்கிய இந்த வரிசையில் பறவை அதைத் தாக்குவதே இல்லை. கயோட்டி தன் திட்டத்திலேயே மாட்டிக்கொள்கிறது; அதனால்தான் கொடுமையாகத் தெரிவதில்லை.

ஒரு தடவை ஒலியை அணைத்துவிட்டுப் பார். டாம் அண்ட் ஜெர்ரியில் பாதி வேடிக்கை காணாமல் போகும். ஸ்காட் பிராட்லியின் இசை ஒவ்வொரு காலடிக்கும் சேர்ந்தே நடக்கிறது. டாமின் அந்த அலறல், படைத்தவர்களில் ஒருவரான வில்லியம் ஹன்னாவின் குரல்!

1975-ல் தொலைக்காட்சிக்காக டாமையும் ஜெர்ரியையும் நண்பர்களாக்கினார்கள், வன்முறை வேண்டாமென்று. துரத்தல் போனது, கூடவே சிரிப்பும். அதைத் தேடிப் பிடிக்காதே.

வெடி வெடித்ததும் முகம் கறுத்து, கறுப்பின மக்களைக் கேலிசெய்யும் உருவமாக மாறும் காட்சிகள் பழைய படங்களில் உண்டு. வரைந்த காலத்திலும் அது இழிவுதான். நீ முதலில் தனியாகப் பார்த்து, அப்படிப்பட்டவற்றை ஒதுக்கிவிடு.

டிவியில் மோஷன் ஸ்மூத்திங் இருந்தால் அணைத்துவிடு. அது இல்லாத பிரேம்களைத் தானே நுழைத்து, வெடுக்கென்று மாற வேண்டிய அசைவைக் குழைத்துவிடும். திரையை நிரப்பும் ஜூமும் வேண்டாம். 1950-க்கு முந்தியவை கிட்டத்தட்ட சதுரச் சட்டத்துக்கு வரைந்தவை. ஜூம் செய்தால் காலடியில் கிடக்கும் வாழைப்பழத்தோல் வெட்டுப்பட்டு, டாம் ஏன் வழுக்கியது என்றே புரியாது.

ஒரே மூச்சில் ஆறேழு படம் ஓடவிடாதே. ஒவ்வொன்றும் 7 நிமிடம் போல. தியேட்டரில் பெரிய படத்துக்கு முன் ஒவ்வொன்றாகக் காட்ட எடுத்தவை. தொடர்ந்து பார்த்தால் அடுத்த அடி எங்கே விழும் என்று பிள்ளை முன்கூட்டியே சொல்லிவிடுவான். ஒரு நாளைக்கு இரண்டு போதும்.

அன்புடன்,
அப்பா