பெயின்ட் பெட்டியைக் கொடுத்த அப்பா

அன்புள்ள பாப்பாவுக்கு,

அப்பா எழுதுவது. இங்கே எல்லோரும் சௌக்கியம். அம்மாவுக்கு முட்டிவலி கொஞ்சம் தேவலை.

நீ அனுப்பிய படம் முந்தாநாள் ராத்திரி வந்தது. நீலச் சுவருக்கு முன்னால் நிற்கிறாய். வெயில் முதுகுப் பக்கம் அடித்ததால் முகம் கருத்திருக்கிறது, ஆனாலும் சிரிப்பது தெரிகிறது. டிக்கெட்டை முன்கூட்டியே எடுக்காததால் உள்ளே போக முடியவில்லை, வாசலோடு திரும்பிவிட்டேன் என்று எழுதியிருந்தாய். அம்மா படத்தை வாங்கிப் பார்த்து, "யார் வீடு அது?" என்று கேட்டாள். ஃபிரிடா காலோ என்று ஒரு ஓவியர், மெக்சிகோக்காரி, கொயோவாகானில் அந்த வீட்டில்தான் பிறந்தாள், அங்கேயேதான் செத்தாள் என்றேன். அதற்கு மேல் பேச்சு ஓடவில்லை. அவளைப் பற்றிச் சொல்ல ஆரம்பித்தால் உன்னிடம் சொல்ல வேண்டிய ஒன்றும் கூடவே வந்து நிற்கிறது. ஃபோனில் அது எனக்கு வராது. அதனால்தான் கடிதம்.

நீ அந்த ஊருக்குப் போனதிலிருந்து அவளைப் பற்றிக் கிடைத்ததையெல்லாம் படிக்கிறேன். எல்லோரும் விபத்தைச் சொல்கிறார்கள், புருஷனைச் சொல்கிறார்கள். எனக்கு என்னவோ அவள் முதலில் ஒரு ஃபோட்டோகிராபர் வீட்டுப் பெண். அவளுடைய அப்பா கியெர்மோ காலோ 1871இல் ஜெர்மனியில் ஃபோர்ட்ஸ்ஹைம் என்ற ஊரில் பிறந்தவர். இருபது வயதுக்குள் கப்பலேறி மெக்சிகோவுக்குப் போய், வில்ஹெல்ம் என்ற பெயரைக் கியெர்மோ என்று மாற்றிக்கொண்டார். 1904 முதல் 1908 வரை அரசாங்கத்துக்காக நாடு முழுக்கப் பழைய கோயில்களையும் கட்டடங்களையும் படமெடுத்திருக்கிறார், எல்லாம் கண்ணாடித் தகடுகளில். எனக்குத் தொழில் சொல்லிக்கொடுத்தவர் வீட்டுப் பரணில் அப்படி நாலைந்து தகடு இருந்தது. ஒன்றைத் தூக்கும்போதே மூச்சைப் பிடித்துக்கொள்வோம். அந்த மனிதர் நூற்றுக்கணக்கில் சுமந்துகொண்டு ஊர் ஊராகப் போயிருக்கிறார், அதுவும் வலிப்பு நோயோடு.

தெருவில் வலிப்பு வந்து விழுந்துவிடுவாராம். கூடப் போகிற சின்னப் பெண்தான் மூக்கில் மருந்தைக் காட்டித் தெளிய வைப்பாள். அதைவிட முக்கியமாக, கேமராவை யாரும் தூக்கிக்கொண்டு போகாமல் பார்த்துக்கொள்வாள். இதைப் படித்துவிட்டுப் புத்தகத்தை மூடி வைத்துவிட்டேன். கேமரா போனால் சோறு போச்சு என்று அந்த வயதிலேயே தெரிந்திருக்கிறது.

அவளுக்கு 6 வயதில் போலியோ வந்து வலது கால் இளைத்துப்போனது. மாதக்கணக்கில் படுக்கை. எழுந்ததும் அப்பா அவளைப் பந்து விளையாட வைத்தார், நீந்த வைத்தார், சைக்கிள் ஓட்ட வைத்தார். பெண்பிள்ளை செய்யாத விளையாட்டு என்று அந்தக் காலத்தில் சொன்னதையெல்லாம் செய்ய வைத்தார். அப்புறம் டார்க் ரூமுக்குள் கூட்டிக்கொண்டுபோய் பிரிண்ட் போடவும், டச்சிங் செய்யவும், படத்துக்குக் கலர் கொடுக்கவும் கற்றுக்கொடுத்தார்.

இந்த இடத்தில்தான் எனக்கு உடம்பு சிலிர்த்தது. டச்சிங் என்றால் என்ன என்று உனக்குத் தெரியும், கடையில் என் பக்கத்தில் ஸ்டூல் போட்டு உட்கார்ந்து எத்தனை நாள் பார்த்திருக்கிறாய். சாய்வுப் பலகை, அடியில் வெளிச்சம், மேலே நெகடிவ், ஊசி மாதிரி சீவிய பென்சில். முகத்தில் அம்மைத் தழும்பு இருந்தால் நெகடிவில் அந்த இடம் வெளுப்பாக இருக்கும். அதைச் சின்னச் சின்ன வளையமாகப் பென்சிலால் நிரப்ப வேண்டும். அழுத்திவிட்டால் பிரிண்டில் வெள்ளைத் திட்டு விழும். ஒரு முகத்துக்கு ஒரு மணி நேரம் ஆகும். மரு போகும், கண்ணடிக் கருப்பு போகும், பெண்களாக இருந்தால் மேலுதட்டில் இருக்கிற பூனை ரோமம் கட்டாயம் போகும். கல்யாணத்துக்குக் கொடுக்கிற படத்தில் அதை விட்டுவைத்தால் பெண்ணின் அம்மா சண்டைக்கே வந்துவிடுவாள்.

இப்போது ஃபிரிடா வரைந்த தன் முகத்தைப் பார். சேர்ந்த புருவம் அப்படியே இருக்கிறது. மேலுதட்டு ரோமம் ஒவ்வொன்றும் தனித்தனியாக, மெல்லிய பிரஷ்ஷால், அவ்வளவு பொறுமையாக வரையப்பட்டிருக்கிறது. டச்சிங் தெரியாதவள் அப்படி வரைந்தால் அது வேறு. எதை எப்படி அழிப்பது என்று கற்றுக்கொண்ட கை, அதே பொறுமையோடு அதையெல்லாம் திரும்ப வைத்திருக்கிறது. சுமார் 150 ஓவியங்களில் மூன்றில் ஒரு பங்குக்கு மேல் அவள் முகம்தான். ஒன்றிலாவது பல் தெரியச் சிரிக்கிறாளா பார். ஸ்டூடியோ நாற்காலியில் உட்கார்ந்து லென்ஸை நேராகப் பார்க்கிறவளின் முகம் அது. 1936இல் தாத்தா பாட்டிகளையும் அப்பா அம்மாவையும் வைத்து ஒரு குடும்பப் படம் வரைந்தாள், துத்தநாகத் தகட்டில், ஒரு சாண் சொச்சம்தான் இருக்கும். அதில் அப்பாவும் அம்மாவும் நிற்பது அவர்களுடைய கல்யாண ஃபோட்டோவில் நின்ற அதே நிலை.

விபத்தைச் சுருக்கமாகச் சொல்கிறேன், எனக்கு அதைத் திரும்பத் திரும்பப் படிக்கப் பிடிக்கவில்லை. 1925 செப்டம்பர் 17. மெக்சிகோ சிட்டியில் அவள் ஏறிய பஸ் மீது டிராம் மோதியது. ஒரு கைப்பிடிக் கம்பி வயிற்றுப் பக்கம் ஊடுருவிவிட்டது. முதுகெலும்பு, இடுப்பெலும்பு, காறை எலும்பு எல்லாம் முறிந்தன, இளைத்த வலது காலில் மட்டும் 11 முறிவு. வயது 18. டாக்டராக வேண்டும் என்று, 2,000 பேர் படித்த பள்ளியில் 35 பெண்களில் ஒருத்தியாகச் சேர்ந்து படித்தவள்.

படுத்த படுக்கையாகக் கிடந்தபோதுதான் அப்பாவின் பெட்டியைக் கேட்டாள். ஸ்டூடியோ மூலையில் அவர் ஒரு ஆயில் கலர் பெட்டி வைத்திருந்தார். ஓய்வு கிடைத்தால் ஆற்றங்கரைக்குப் போய் அவரும் வரைகிறவர். சின்ன வயதிலிருந்தே அவளுக்கு அந்தப் பெட்டி மேல் கண். அவருக்கும் அது உயிர். ஆனாலும் கொடுத்தார். படுத்தபடியே வரைய ஒரு சட்டம் செய்தார்கள். கட்டிலின் மேல்விதானத்தில் அவளுடைய அம்மா கண்ணாடி பொருத்த ஏற்பாடு செய்தாள். கண்ணைத் திறந்தால் அவள் முகம்தான், வேறு எதை வரைவாள்?

பாப்பா, நீ பிளஸ் டூ படித்தபோது என்னிடம் ஃபோட்டோ கலர் பெட்டியைக் கேட்டாய். கறுப்பு வெள்ளைப் படத்துக்குக் கலர் கொடுக்க என் குரு எனக்குக் கொடுத்தது. புரோமைடு பேப்பர் அட்டைகளின் பின்பக்கமெல்லாம் நீ முகமாக வரைந்து வைத்திருந்த காலம். "அது விளையாட்டுச் சாமான் இல்லை" என்று சொல்லிப் பீரோவில் வைத்துப் பூட்டினேன். ஓவியக் கல்லூரி விண்ணப்பத்தைக் கொண்டுவந்தாய். நான் கையெழுத்துப் போடவில்லை. நீ அழவில்லை, விண்ணப்பத்தை நாலாக மடித்து எடுத்துக்கொண்டு போய்விட்டாய். அந்த மடிப்பு இன்னும் என் கண்ணில் நிற்கிறது.

பயம்தான் காரணம். டிஜிட்டல் வந்து, இருபது வருஷம் பழகிய டச்சிங் வேலை கண் முன்னாலேயே செத்துப்போனதைப் பார்த்தவன் நான். கையை நம்பிப் பிழைப்பு வேண்டாம், கம்ப்யூட்டர் படி என்றேன். அந்தப் பயம் பொய்யில்லை. ஆனால் கியெர்மோவுக்கும் பயப்படக் காரணம் இருந்தது. 1910இல் புரட்சி தொடங்கிய பிறகு அரசாங்க வேலை நின்றுபோனது, வீட்டையே அடமானம் வைத்தார்கள். அப்படி இருந்தும் பெட்டியைக் கொடுத்தார். நான் கொடுக்கவில்லை. இதை உன்னிடம் சொல்ல எனக்கு இத்தனை வருஷம் ஆகியிருக்கிறது.

சரி, மீதியையும் சொல்லிவிடுகிறேன். 1929இல் டியேகோ ரிவேராவைக் கட்டிக்கொண்டாள். அவளைவிட 20 வயது மூத்தவர், சுவர் சுவராக வரைந்து பேரெடுத்தவர். 10 வருஷத்தில் விவாகரத்து, மறு வருஷமே திரும்பவும் அவரோடு கல்யாணம். அதைப் பற்றி எழுதுகிறவர்கள் நிறைய, நான் எழுதவில்லை. அவர்கள் அமெரிக்காவில் டெட்ராய்ட்டில் இருந்தபோது, 1932இல், அவளுக்குக் கரு கலைந்தது. அந்த வருஷமே அதை வரைந்தாள். தகரத் தகட்டில் ஒரு சின்னப் படம். மெக்சிகோவில் கண்டம் தப்பியவர்கள் சாமிக்கு நேர்ந்துகொண்டு, நடந்ததைத் தகரத்தில் வரைந்து கோயிலில் மாட்டுவார்கள். அந்த மாதிரி.

நேற்று சாயங்காலம் அம்மாவுக்கு அந்தப் படத்தைக் காட்டினேன். ஆஸ்பத்திரிக் கட்டில், ரத்தம் தோய்ந்த விரிப்பு, கண்ணில் ஒரு பெரிய சொட்டுக் கண்ணீர். கையிலிருந்து சிவப்பு நாடாக்கள் கிளம்பி ஆறு பொருள்களைக் கட்டியிருக்கின்றன. குழந்தை, இடுப்பெலும்பு, ஒரு பூ, ஒரு நத்தை, இப்படி. நத்தை எதற்கு என்று அம்மா கேட்டாள். கலைந்தது அவ்வளவு மெதுவாக நடந்தது என்பதற்காக என்று ஃபிரிடாவே சொல்லியிருக்கிறாள் என்றேன். அம்மா ரொம்ப நேரம் ஒன்றும் பேசவில்லை. அப்புறம், "ஆமாம், மெதுவாகத்தான் போகும். ரெண்டு நாள்" என்றாள். உனக்கு முன்னால் ஒன்று தங்கவில்லை என்பது உனக்குத் தெரியும். இந்த முப்பத்து மூன்று வருஷத்தில் அவள் என்னிடம் அதைப் பற்றிப் பேசியது அது ஒன்றுதான். ஃபோனை என்னிடம் திருப்பிக் கொடுக்காமல் மடியிலேயே வைத்திருந்தாள்.

ஃபிரிடா விட்டுப்போனது என்ன என்று கேட்டால் நான் இதைத்தான் சொல்வேன். பெண்கள் அடுக்களையிலும் ஆஸ்பத்திரியிலும் வாயை மூடிக்கொண்டு பட்டதை, வரையத் தக்க விஷயம் என்று அவள் வரைந்து வைத்தாள். அவளுக்கு அப்புறம் எத்தனையோ நாட்டுப் பெண்கள் அந்தத் தைரியத்தில் தங்கள் உடம்பையும் வலியையும் வரைந்தார்கள். உயிரோடு இருந்தபோது அவளுக்கு அவ்வளவு பேர் கிடையாது. சொந்த நாட்டில் தனிக் கண்காட்சி நடந்ததே 1953இல்தான். எழுந்திருக்க முடியாது என்றார்கள். கட்டிலைக் கண்காட்சிக்கே கொண்டுபோய்ப் போட்டு, ஆம்புலன்சில் வந்து அதில் படுத்துக்கொண்டு வந்தவர்களையெல்லாம் வரவேற்றாள். அந்த வருஷமே வலது காலை எடுத்துவிட்டார்கள். மறு வருஷம் ஜூலை 13ஆம் தேதி போய்விட்டாள், 47 வயதில். 1970களுக்குப் பிறகுதான் பெண்ணுரிமை பேசியவர்களும் அமெரிக்காவில் வாழ்ந்த மெக்சிகோ வம்சாவளிக் கலைஞர்களும் அவளைத் தேடி எடுத்தார்கள். 1984இல் அவள் ஓவியங்களை மெக்சிகோ தேசியச் சொத்தாக அறிவித்தது. கட்டிலில் அவள் தூங்க, மேல்விதானத்தில் ஒரு எலும்புக்கூடும் படுத்திருக்கிற 1940ஆம் வருஷத்துப் படம் 2025 நவம்பரில் நியூயார்க் ஏலத்தில் ஐந்தரைக் கோடி டாலருக்குக் கிட்டப் போனது.

விலையைவிட எனக்கு அவளுடைய வாத்தியார் வேலைதான் பிடித்திருக்கிறது. 1943இல் லா எஸ்மெரால்டா என்ற ஓவியப் பள்ளியில் சேர்ந்தாள். முதுகு வலியால் போய்வர முடியாதபோது பிள்ளைகளை வீட்டுக்கே வரச் சொன்னாள். தன்னைப் போல வரையச் சொல்லவில்லை, சந்தைக்கும் தெருவுக்கும் அனுப்பிப் பார்த்ததை வரையச் சொன்னாள். பக்கத்தில் இருந்த லா ரோசிட்டா என்ற கள்ளுக்கடைச் சுவரை அவர்களுக்குப் பிடித்துக் கொடுத்தாள். கடைசி வரைக்கும் நின்ற நாலு பேரை ஊரே 'ஃபிரிடோக்கள்' என்று கூப்பிட்டது. நாலு பேரும் ஓவியர்களாகவே வாழ்ந்தார்கள்.

இந்தத் தடவை டிக்கெட்டை நாலு நாள் முன்னாலேயே எடுத்துவிடு. உள்ளே அவள் அப்பாவை வரைந்த படம் இருக்கும், 1951இல் வரைந்தது. அவர் போய் அப்போது 10 வருஷம் ஆகியிருந்தது. பின்னால் அவருடைய கேமரா. லென்ஸும் அவர் கண்ணும் ஒரே மாதிரி உருண்டு விழித்திருக்கும். கீழே அவள் கைப்பட எழுதியிருக்கிறாள்: தொழிலால் கலைஞர், ஃபோட்டோகிராபர், தாராள மனசுக்காரர், புத்திசாலி, 60 வருஷம் வலிப்போடு வாழ்ந்தும் வேலையை ஒரு நாளும் விடாத தைரியசாலி, ஹிட்லரை எதிர்த்தவர், இப்படிக்கு அவரை வணங்கும் மகள். அந்த எழுத்தைக் கிட்டப்போய் எனக்காகப் பார். படமெடுக்க விட்டால் ஃபிளாஷ் போடாமல், கொஞ்சம் பக்கவாட்டில் நின்று எடு, கண்ணாடியில் வெளிச்சம் அடிக்காது.

கலர் பெட்டியைப் பீரோவிலிருந்து எடுத்துத் துடைத்துவிட்டேன். பச்சையும் மஞ்சளும் காய்ந்து கல்லாகிவிட்டன. மற்றதெல்லாம் தண்ணீர் விட்டால் கரைகிறது, நேற்று ஒரு துண்டுக் காகிதத்தில் போட்டுப் பார்த்தேன். டிசம்பரில் வரும்போது எடுத்துக்கொண்டு போ. பிரஷ் மட்டும் புதிதாக வாங்க வேண்டும்.

அன்புடன்,
அப்பா