எர்லாண்ட் ஜோசப்சனை விட்டுவிட்டீர்களே!

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

சென்ற இதழில் வந்த சுவீடன் சினிமா கட்டுரையை இரண்டு தடவை படித்தேன். இயக்குநர் இங்மார் பெர்க்மன் இருக்கிறார், அவர் படங்களில் நடித்த மேக்ஸ் வான் சிடோ இருக்கிறார், லிவ் உல்மன் இருக்கிறார். நடிகர் எர்லாண்ட் ஜோசப்சனின் பெயர் ஓரிடத்தில்கூட இல்லை. மனசு கேட்கவில்லை, எழுதுகிறேன்.

1923இல் ஸ்டாக்ஹோமில் பிறந்தவர். இளவயதிலிருந்தே பெர்க்மனின் நண்பர். பெர்க்மனுக்குப் பின் 1966 முதல் 1975 வரை அங்குள்ள அரச நாடக அரங்கை நடத்தியவரும் அவர்தான். சினிமாவில் அதுவரை பெரும்பாலும் துணை வேடங்கள். ஐம்பதைத் தொடும் வயதில், 1973இல், ஒரு தொலைக்காட்சித் தொடர்தான் அவரை உலகத்துக்குக் காட்டியது: பெர்க்மன் இயக்கி ஆறு பகுதிகளாக வந்த 'ஸீன்ஸ் ஃப்ரம் எ மேரேஜ்'.

அதன் தொடக்கத்தை மட்டும் ஒருமுறை பாருங்கள். பத்திரிகைப் பேட்டிக்காகக் கணவனும் மனைவியும் சோபாவில் உட்கார்ந்திருக்கிறார்கள். தன்னைப் பற்றிச் சொல்லச் சொன்னதும் கணவன் யோஹான் (ஜோசப்சன்), புத்திசாலி, வெற்றி பெற்றவன், இளமை குறையாதவன் என்று அடுக்கிக்கொண்டே போகிறான். மனைவி மரியான்னின் (உல்மன்) முறை வரும்போது, கல்யாணம் ஆனது, இரண்டு மகள்கள், அதற்கு மேல் அவளுக்கு வார்த்தை வரவில்லை. எல்லோரும் உல்மனைத்தான் பார்ப்பார்கள். நான் ஜோசப்சனைப் பார்ப்பேன். அந்தப் பெருமைப் பேச்சுக்கு அடியில் ஒரு பயம் ஓடுகிறது. பிற்பாடு வீட்டை விட்டுப் போகப்போகிறவன் இவன்தான் என்பது அந்த முகத்திலேயே தெரிந்துவிடும்.

அப்புறம் ரஷ்ய இயக்குநர் தார்க்கோவ்ஸ்கி அவரைத் தேடி வந்தார். 1983இல் 'நோஸ்டால்ஜியா', 1986இல் 'தி சாக்ரிஃபைஸ்'. இரண்டாவதில் தன் வீட்டுக்குத் தானே தீ வைப்பவராக நடித்தார். கோட்லாண்ட் தீவில் அதை எடுத்தபோது கேமரா பழுதாகிவிட, வீட்டைத் திரும்பக் கட்டி மறுபடியும் எரித்தார்கள். இவ்வளவு பெரிய பயணத்துக்கு ஒரு வரி கூடவா கிடைக்கவில்லை?

அடுத்த இதழில் அவருக்கென்று இரண்டு பக்கமாவது ஒதுக்குங்கள். எழுதுகிறவர் 2003இல் தொலைக்காட்சிக்காகவே பெர்க்மன் எடுத்த 'சாராபாண்ட்' படத்தைக் கட்டாயம் பார்த்துவிட்டு எழுதட்டும். அதே யோஹான், முப்பது வருஷம் கழித்து. நடுராத்திரியில் பயம் தாங்காமல், தான் விட்டுப்போன மரியான் தூங்கும் அறை வாசலில் வந்து நடுங்கிக்கொண்டு நிற்கிறார். நடிக்கும்போது ஜோசப்சனுக்கு ஏறக்குறைய எண்பது வயது. அவள் நகர்ந்து, தன் படுக்கையில் அவருக்கு இடம் விடுகிறாள்.

இப்படிக்கு,
தங்கள் நெடுநாள் வாசகர்