மூன்று எம்.எல்.ஏ.க்களுக்கு ஒரு தேயிலை விவசாயியின் மடல்

உதகை, குன்னூர், கூடலூர் தொகுதிகளின் சட்டமன்ற உறுப்பினர்களுக்கும், இனி அந்த இடத்துக்கு வரப்போகிறவர்களுக்கும் வணக்கம்.

குன்னூர் பக்கம் ஒரு ஹட்டியில், அதாவது படகர் ஊரில், ஒன்றரை ஏக்கர் தேயிலை வைத்திருப்பவன் நான். ரோடு, தெருவிளக்கு கேட்டு எழுதும் மனு இல்லை இது. அதெல்லாம் உங்கள் அலுவலகத்தில் கட்டுக்கட்டாகக் கிடக்கும். உங்களுக்கு முன்னால் இந்த மலையிலிருந்து சட்டசபைக்குப் போன ஒருவரைப் பற்றிப் பேசத்தான் எழுதுகிறேன்.

ஹுப்பதலை ஆரி கவுடரை உங்களுக்குத் தெரிந்திருக்கும். 1893இல் பிறந்தவர். அப்பா பெள்ளி கவுடர் மலை ரயில் பாதை வேலையில் ஒப்பந்தக்காரர். இந்த மலையின் படகர் சமூகத்தில் முதல் பட்டதாரி ஆரி கவுடர்தான் என்பார்கள். வெள்ளைக்காரர் காலத்திலேயே சென்னை மாகாணச் சட்டசபையில் உட்கார்ந்தவர். 1933இல் ஹங்கேரியில் நடந்த உலக சாரணர் ஜம்போரிக்கு இந்திய அணியைத் தலைமை தாங்கி அழைத்துப் போனார். மேற்கு மாம்பலத்தில் அவர் பெயரில் ஒரு சாலை இருக்கிறது. ஊர்வாய்க்கு அது 'ஆரிய கவுடா ரோடு'. அங்கே வாடகைக்கு இருந்த என் மச்சானுக்கே அது நம்மூர்க்காரர் பெயர் என்று நான் சொல்லித்தான் தெரியும்.

இதையெல்லாம் சொன்னால் என் தாத்தா பொறுமையாகக் கேட்டுவிட்டு, "அது சரி, மண்டியைச் சொல்லு" என்பார்.

அப்போது எங்களுக்குத் தேயிலை கிடையாது, உருளைக்கிழங்குதான். விதைக்கும் உரத்துக்கும் முன்பணம் கொடுத்தவரே மேட்டுப்பாளையத்தில் மண்டி வைத்திருப்பார். கிழங்கு அவரிடம்தான் போக வேண்டும். துண்டுக்கு அடியில் கையை விட்டு விரலைப் பிடித்து விலை பேசுவார்கள். யார் எந்த விரலைப் பிடித்தார் என்று கிழங்கு கொண்டுபோனவனுக்குத் தெரியாது. கடைசியில் கமிஷன், கூலி, கழிவு, கோயில் மகிமை எல்லாம் போக ஒரு தொகையைக் கையில் வைப்பார்கள். சில வருஷம் கையில் வைக்க எதுவும் இருக்காது, கடன் மட்டும் ஏறியிருக்கும். வாங்கியதற்கும் மேலே உப்பும் துணியும் கடன் சொல்லி வாங்கிக்கொண்டு மலை ஏறி வந்ததாகத் தாத்தா சொல்வார்.

அந்த இடத்தில்தான் 1935இல் நீலகிரி கூட்டுறவு விற்பனைச் சங்கம் வந்தது. அதை வளர்த்துத் தலைமை ஏற்று நடத்தியவர் ஆரி கவுடர். கிழங்கை விவசாயியின் கண்முன் எடை போட்டு, எல்லோர் காதிலும் விழும்படி ஏலம் கூற வைத்தது அந்தச் சங்கம். அதன் ஆங்கிலச் சுருக்கப் பெயர்தான் என்.சி.எம்.எஸ். இன்றைக்கு ஊட்டியில் என்.சி.எம்.எஸ். என்றால் சுற்றுலா வருகிறவர்களுக்கு கார் நிறுத்தும் இடம். அது வேறு கதை.

அவரைச் சாமியாக்க வரவில்லை. வசதியான வீட்டுப் பிள்ளை. அன்றைக்கு ஓட்டுரிமையும் சொத்து, வரி இருந்தவர்களுக்குத்தான், என் தாத்தாவுக்கு ஓட்டே கிடையாது. ஆனாலும் தனக்கு ஓட்டுப் போடாத ஆளின் மூட்டை எந்த இடத்தில் எடை குறைகிறது என்று அவருக்குத் தெரிந்திருந்தது. சட்டசபையில் அவர் என்ன பேசினார் என்று எங்கள் ஊரில் யாருக்கும் நினைவில்லை. மண்டி எல்லோருக்கும் நினைவிருக்கிறது.

இப்போது என் கதைக்கு வருகிறேன். இன்று காலை பறித்த பச்சைத் தேயிலையை இன்றே ஆலைக்குக் கொடுத்தாக வேண்டும், நாளைக்கு வைத்தால் சூடேறிக் கருகிவிடும். மழைக்காலத்தில் தண்ணீர்க் கழிவு என்று எடையில் பிடித்துக்கொள்கிறார்கள். எவ்வளவு என்பது எடை போடுகிறவரின் மனசைப் பொறுத்தது. அப்புறம் விலை. தேயிலை வாரியம் குன்னூர் ஏலத்தை வைத்து மாதாமாதம் சராசரி விலை அறிவிக்கும். நான் கொடுத்த இலைக்கு என்ன விலை என்பது எனக்கு அடுத்த மாதம்தான் தெரியும். தாத்தாவுக்காவது துண்டுக்கு அடியில் அன்றைக்கே முடிந்துவிட்டது.

கட்டுப்படியாகும் விலை கேட்டு 2023இல் கோத்தகிரி பக்கம் நட்டக்கல்லில் பந்தல் போட்டு உண்ணாவிரதம் இருந்தார்கள். மேடையில் யாரைக் கேட்டாலும் வரும் பதில், "தேயிலை வாரியம் மத்திய அரசு, டெல்லியில் பேச வேண்டும்" என்பதுதான். அது பொய்யில்லை. ஆனால் கூட்டுறவு ஆலைகளின் இணையமான இண்ட்கோசர்வும் அதன் கீழ் உள்ள கூட்டுறவுத் தேயிலைத் தொழிற்சாலைகளும் மாநில அரசின் கையில்தானே இருக்கின்றன? ரேஷன் கடையில் விற்கும் 'ஊட்டி டீ' யாருடையது? கூட்டுறவு ஆலை நல்ல விலை கொடுத்தால் தனியார் ஆலையும் ஏற்றித்தான் ஆக வேண்டும், இல்லாவிட்டால் இலை அங்கே போகாது. என்.சி.எம்.எஸ். செய்ததும் அந்த வேலையைத்தான்.

234 பேர் இருக்கும் சபையில் நீங்கள் மூன்று பேர். கட்சி வேறாக இருக்கலாம். ஆனால் கூட்டுறவு ஆலைகள் வரும் குறு, சிறு, நடுத்தரத் தொழில் துறையின் மானியக் கோரிக்கை நாளில் மூன்று பேரும் ஒரே கேள்வியைக் கேட்கலாம். எடைக் கழிவுக்கு எழுத்தில் ஒரு அளவு உண்டா, இலை கொடுக்கும் அன்றே குறைந்தபட்ச விலையைப் பலகையில் எழுதிப் போட முடியுமா? அமைச்சர் என்ன பதில் சொன்னார் என்பதை ஒரு பக்கத்தில் அச்சடித்து ஒவ்வொரு ஹட்டிக்கும் அனுப்புங்கள். படிக்க ஆள் இருக்கிறோம்.

டிசம்பர் 4 ஆரி கவுடர் பிறந்த நாள். மாலை போட்டு முடித்ததும் எங்கள் ஊருக்கு ஒரு நடை வாருங்கள். மத்தியானம் மூன்று மணிக்கு எடை போடுவார்கள். பனிக்காலம் என்பதால் அன்றைக்கு இலை குறைவாகத்தான் இருக்கும், சீக்கிரம் முடிந்துவிடும். தராசுக்குப் பக்கத்தில் நின்று பாருங்கள். டீ நான் வாங்கித் தருகிறேன்.

இப்படிக்கு,
குன்னூர் தொகுதி வாக்காளன் ஒருவன்