நாடாவைக் காக்க ஆள் வேண்டும்

ஆசிரியருக்கு,

1983 ஜூன் 18 அன்று இங்கிலாந்தின் டன்பிரிட்ஜ் வெல்ஸில் ஜிம்பாப்வேக்கு எதிராகக் கபில்தேவ் ஆட்டமிழக்காமல் எடுத்த 175 ஓட்டங்களுக்குத் தொலைக்காட்சிப் பதிவே இல்லை. எடுக்காததை மீட்க முடியாது. எடுத்துவைத்த ஒளிநாடாக்களையாவது காப்பாற்றலாமே! விளையாட்டின் மீது பற்றுள்ள இளைஞர்கள் ஆவணக் காப்பாளர் பணியையும் யோசிக்க வேண்டும்.

வேலை நுணுக்கமானது. யூமாட்டிக் எனும் பழைய வகை வீடியோ கேசட் நாடாக்கள் சிலவற்றில் காந்தத் துகளைப் பிடித்திருக்கும் பசை, ஈரத்தை உறிஞ்சிப் பிசுபிசுக்கும். அப்படியே ஓட்டினால் நாடாவைப் படிக்கும் கருவியின் முனையில் (ஹெட்டில்) பழுப்பாக அப்பிக்கொள்ளும். படம் மறையும், நாடாவும் உரியும். வெப்பம் சீராக நிற்கும் கருவியில் சுமார் 50 டிகிரி செல்சியஸில் பல மணி நேரம் உலர்த்தி, ஆறவைத்து, தாமதமின்றி டிஜிட்டலுக்கு மாற்ற வேண்டும். சில வாரங்களில் பசை மறுபடி இளகிவிடும். சமையலறை மின்அடுப்பு (oven) கூடவே கூடாது. அதில் சூடு ஏறி இறங்கி நாடா நெளிந்துவிடும்.

அடுத்தது குறிப்பெழுதுதல். நொடிக்கு 25 பிரேம் கணக்கில் டைம்கோடு (ஒவ்வொரு பிரேமுக்கும் நேரக் குறியீடு) போட்டு, வீசியவர், பிடித்தவர், கேமரா கோணம் எல்லாம் பதிய வேண்டும். வெறுமனே ‘விக்கெட்’ என்று எழுதிய நாடா, தொலைந்த நாடாவுக்குச் சமம்.

இப்படிக்கு,
ஒளிநாடா ஆவணப் பணியாளர்கள் சிலர்