கூந்தன்குளம் பறவைகள் தாழப் பறக்கும் பாதையில் உள்ள மின்கம்பிகள் குறித்த கோரிக்கை மனு

அனுப்புநர்:
கூந்தன்குளம் சுற்றுவட்டாரப் பறவை ஆர்வலர்கள்,
நாங்குநேரி வட்டம், திருநெல்வேலி மாவட்டம்.

பெறுநர்:
மாவட்ட ஆட்சித் தலைவர் அவர்கள்,
மாவட்ட ஆட்சியர் அலுவலகம், திருநெல்வேலி.

நகல்: மாவட்ட வன அலுவலர், மின்வாரிய மேற்பார்வைப் பொறியாளர்.

பொருள்: குளத்துக்கும் வயல்களுக்கும் இடையே செல்லும் மின்கம்பிகளில் பறவைகளுக்கான எச்சரிக்கைத் தகடுகள் பொருத்தக் கோருதல் தொடர்பாக.

மதிப்பிற்குரிய ஆட்சியர் அவர்களுக்கு வணக்கம்.

கூந்தன்குளம் 1994-ல் பறவைகள் சரணாலயமாக அறிவிக்கப்பட்டதும், பின்னர் உலக அளவில் முக்கியமான ஈரநிலங்களின் ராம்சர் பட்டியலில் சேர்ந்ததும் தாங்கள் அறிந்தவை. கூடு கட்டும் பறவைகள் மிரளக்கூடாது என்று தீபாவளிக்குக்கூட வெடி போடாத ஊர் இது. ஆகவே குளத்துக்குள் பாதுகாப்பு போதவில்லை என்று சொல்ல நாங்கள் வரவில்லை. குளத்தை விட்டு வெளியே பறக்கும்போது பறவைகள் எந்த உயரத்தில் போகின்றன, அந்த உயரத்தில் என்ன இருக்கிறது என்பதுதான் இந்த மனுவின் விஷயம்.

டிசம்பர் வாக்கில் இங்கே வரும் வரித்தலை வாத்தை எடுத்துக்கொள்வோம். மங்கோலியா, திபெத் பக்கம் குஞ்சு பொரித்துவிட்டு, குளிர்காலத்துக்கு இமயமலையைத் தாண்டி இந்தியாவுக்கு வருகிற பறவை. செயற்கைக்கோள் கருவி பொருத்தி ஆராய்ந்ததில் இந்த இனம் 7,290 மீட்டர் உயரம் வரை பறந்தது பதிவாகியுள்ளது. 5,500 மீட்டரிலேயே காற்றழுத்தம் கடல் மட்டத்தில் இருப்பதில் பாதிதான். மூச்சுவிடக் கிடைக்கும் ஆக்சிஜனும் அப்படியே பாதியாகிவிடும். அந்த மெல்லிய காற்றிலிருந்தும் ஆக்சிஜனை இழுத்துப் பிடிக்கும் ஹீமோகுளோபின் இதன் ரத்தத்தில் இருக்கிறது. ஆனால் அதே ஆய்வுகள் இன்னொன்றையும் சொல்கின்றன. உயரம் தொட்டதும் இந்த வாத்து அங்கேயே தங்கிவிடுவதில்லை. மலை ஏறினால் ஏறும், பள்ளத்தாக்கு வந்தால் இறங்கிவிடும். இறங்கி மறுபடி ஏறுவது வீண் வேலை போலத் தெரியலாம். மேலே காற்று மெல்லியது, ஒவ்வொரு சிறகடிப்புக்கும் இதயம் கூடுதலாக உழைக்க வேண்டும்; அதனால் இறங்கிப் போவதுதான் அதற்கு லாபம். பயணத்தையும் பெரும்பாலும் இரவிலும் அதிகாலையிலும் வைத்துக்கொள்கிறது. அப்போது காற்று குளிர்ந்து அடர்த்தியாக இருக்கும், கொந்தளிப்பும் குறைவு.

1973 நவம்பரில் ஐவரி கோஸ்ட் நாட்டின் அபிஜான் நகருக்கு மேலே, ஏறக்குறைய 37,000 அடி உயரத்தில் ஒரு ரூப்பெல் பாறு (பிணந்தின்னிக் கழுகு) விமானத்தில் மோதியதைப் பலர் சொல்வார்கள். உண்மைதான், ஆனால் அது விதிவிலக்கு. முடிந்தவரை தாழப் பறப்பதே பெரும்பாலான பறவைகளின் வழக்கம்.

இப்போது நம் ஊருக்கு வருவோம். வரித்தலை வாத்துகள் பகலில் குளத்தில் ஓய்வெடுத்துவிட்டு, அந்தி சாய்ந்ததும் புல்லும் நாற்றும் மேய வயல்களுக்குக் கிளம்பும். விடியும் நேரத்தில் திரும்பும். (நாற்றைக் கடிக்கிறதே என்று விவசாயிகளுக்கு வருத்தம் உண்டு. அது தனிக் கதை, அதற்குத் தனி மனு வேண்டும்.) பக்கத்து வயலுக்குப் போக எந்தப் பறவையும் ஆயிரம் அடி ஏறாது. மரத்தின் உயரம், மிஞ்சினால் அதற்குக் கொஞ்சம் மேலே. மின்கம்பி இருப்பதும் அங்கேதான். வெளிச்சம் குறைந்த அந்த இரண்டு வேளைகளிலும் குளிர்காலம் முழுக்க அவை இந்தக் கம்பிகளைத் தாண்டியாக வேண்டும்.

வானிலை சேர்ந்துகொண்டால் நிலைமை இன்னும் மோசம். எதிர்க்காற்று அடித்தால் பறவைகள் தாழ இறங்கிவிடும். தரையை ஒட்டி உராய்வினால் காற்றின் வேகம் குறைவு என்பதே காரணம். மேகம் தாழ்ந்திருந்தால் அதற்கும் கீழேதான் பறக்கும். மழை பெய்வதால் மட்டும் வாத்துக்குப் பெரிய கஷ்டமில்லை. இறகுகளின் நெருக்கமான அமைப்பே தண்ணீரை உள்ளே விடாது; வாலடியில் சுரக்கும் எண்ணெயை அலகால் எடுத்துத் தடவி அந்த இறகுகளை அது நல்ல நிலையில் வைத்துக்கொள்ளும். மழையில் கண் முன்னே இருப்பது தெரியாமல் போவதுதான் ஆபத்து. கூழைக்கடாவுக்கும் சங்குவளை நாரைக்கும் சிக்கல் வேறு. வெயில் ஏறித் தரை சூடாகி, வெப்பக் காற்று மேலெழும்பிய பிறகே அவை வட்டமடித்து உயரம் பிடிக்கும். மூடாப்பான நாளில் அந்தத் தூக்கல் கிடைக்காது. கனத்த உடம்பைச் சிறகடித்தே நகர்த்த வேண்டியிருப்பதால் தாழவே போகும். கூழைக்கடாவின் விரித்த சிறகு இரண்டு மீட்டருக்கு மேல், நாரையுடையது ஒன்றரை மீட்டர் அளவு. பக்கத்துப் பக்கத்துக் கம்பிகள் இரண்டும் ஒரே நேரத்தில் உரசினால் மோதலோடு மின்சாரமும் பாயும். ஐப்பசி, கார்த்திகை மழையும் மார்கழிப் பனியும் நம் பகுதியில் பறவைகள் பெருகும் காலத்தை ஒட்டியே வருகின்றன.

கண் தெரியாதா என்று கேட்கலாம். பல பெரிய பறவைகளுக்குக் கண் பக்கவாட்டில் இருப்பதால் நேர் எதிரே தெரியும் பரப்பு மிகக் குறுகலானது. பறக்கும்போது தரையைப் பார்க்கத் தலையைச் சாய்த்தால் அதுவும் போய்விடும். அப்புறம் கம்பியைக் கடைசி நொடியில் கண்டாலும், இரண்டு மூன்று கிலோ எடையுள்ள வாத்து சட்டென்று திரும்ப முடியாது.

இதுவரை இத்தனை பறவைகள் செத்தன என்று நாங்கள் எண் எதுவும் தரவில்லை. கம்பியில் அடிபட்டு விழுந்ததை இரவோடு இரவாக நாயோ நரியோ தூக்கிப் போய்விடும். காலையில் போய்ப் பார்ப்பவருக்கு நாலு இறகு கிடைத்தால் அதிகம். அதனால்தான் முறையான கணக்கெடுப்பையும் சேர்த்துக் கேட்கிறோம். ராஜஸ்தானில் கானமயில்கள் என்னும் அரிய பெரிய பறவைகள் மின்கம்பிகளில் மோதி இறந்த வழக்கு உச்ச நீதிமன்றம் வரை போனது. கம்பிகளை மண்ணுக்கடியில் பதிக்கச் சொன்ன 2021-ஆம் ஆண்டு உத்தரவை, எல்லா இடத்திலும் அது சாத்தியமில்லை என்பதால் 2024-ல் நீதிமன்றமே தளர்த்தி, நிபுணர் குழுவிடம் ஒப்படைத்தது. அந்தச் சிரமம் எங்களுக்கும் புரிகிறது. எல்லாக் கம்பிகளையும் புதைக்கச் சொல்லவில்லை.

எங்கள் கோரிக்கை இவ்வளவுதான். கூந்தன்குளம், காடன்குளம் கரைகளிலிருந்து வயல்களுக்குப் பறவைகள் போய்வரும் பாதையில் எந்தெந்தக் கம்பிகள் குறுக்கே வருகின்றன என்பதை வனத்துறையும் மின்வாரியமும் சேர்ந்து நடந்து பார்த்துக் குறிக்க வேண்டும். அந்தப் பகுதிக் கம்பிகளில் மட்டும், காற்றில் சுழன்று மினுக்கும் எச்சரிக்கைத் தகடுகளை நவம்பருக்குள் மாட்ட வேண்டும். இத்தகைய அடையாளங்களால் மோதல் ஏறக்குறைய பாதியாகக் குறைகிறது என்று பல நாட்டு ஆய்வுகளின் தொகுப்பு காட்டுகிறது. செலவும் கம்பியைப் புதைப்பதோடு ஒப்பிட்டால் சொற்பம். குளத்தை ஒட்டிப் புதிதாக இழுக்கும் கம்பிகளுக்கு உறையிட்ட கேபிளையே பயன்படுத்தச் சொல்ல வேண்டும். காற்றாலை, சூரியமின் நிலையங்களுக்கு லைன் இழுக்க அனுமதி கேட்டு வரும்போது, வனத்துறையிடம் கருத்துக் கேட்காமல் ஒப்புதல் தர வேண்டாம். மேகமூட்டமான இரவில் பறவைகள் வெளிச்சத்தால் ஈர்க்கப்பட்டு வழி குழம்பும் என்பதால், குளத்தைப் பார்த்திருக்கும் ஹைமாஸ் விளக்குகளுக்குக் கீழ்நோக்கிய மூடி போட்டால் நல்லது. தகடு மாட்டிய பிறகு ஒரு பருவம் முழுக்க அதிகாலையில் கம்பி வழியே நடந்து கணக்கெடுக்க வேண்டும். பலன் இருக்கிறதா இல்லையா என்பது அதில் தெரிந்துவிடும். அந்தக் கணக்கெடுப்புக்கு நாங்கள் ஆள் தருகிறோம், சம்பளம் வேண்டாம்.

கூட்டு ஆய்வுக்கான நாளைக் குறித்துத் தெரிவித்தால், பறவைகள் கிளம்பும் நேரத்துக்கு அலுவலர்களைக் கரைக்கு அழைத்துச் செல்லத் தயாராக இருக்கிறோம். மாலை ஐந்தரைக்குள் அவர்கள் வந்து சேர்வது நல்லது.

இப்படிக்கு,
கூந்தன்குளம் சுற்றுவட்டாரப் பறவை ஆர்வலர்கள்

இணைப்பு: பறவைப் பாதையைக் குறித்த கைவரைபடம், கையொப்பப் பட்டியல்