ஈசானிய மூலைக்காரர்கள்

பாங்காக்
ஏப்ரல் 24

அன்புள்ள மங்கை,

நான் ஊரில் இல்லாதபோது வந்த உன் கடிதம் என் பெண் வீட்டு மேஜையில் பத்து நாள் கிடந்திருக்கிறது. முழங்காலுக்குத் தைலம் போடுகிறாயாமே, பலன் இருந்தால் எனக்கும் ஒரு பாட்டில் எடுத்து வை. வடக்கு லாவோஸில் லுவாங் பிரபாங் என்ற ஊரில் ஒரு குன்றின் மேல் முன்னூறு படிக்கு மேல் ஏறிவிட்டு வந்திருக்கிறேன். இப்போது நானும் உன் கட்சிதான்.

"லாவோஸில் உனக்கு யார் இருக்கிறார்கள்?" என்று கேட்டிருக்கிறாய். யாரும் இல்லை. பெண் வீட்டில் சமையலுக்கு வரும் அம்மாதான் காரணம். அவர் உடோன் தானி பக்கம். அந்தப் பகுதிக்காரர்களை இங்கே 'ஈசான்' என்கிறார்கள். முதல் நாள் அந்தச் சொல்லைக் கேட்டதுமே சந்தேகப்பட்டேன், சரியாகத்தான் இருந்தது. நம் மேஸ்திரி "ஈசானிய மூலையில் கிணறு வெட்டுங்கள்" என்பாரே, அதே ஈசானம். தாய்லாந்தின் வடகிழக்கு மூலை.

வீட்டில் என்ன மொழி பேசுவீர்கள் என்று பெண்ணை விட்டுக் கேட்கச் சொன்னேன். "ஈசான்" என்றார். கொஞ்ச நேரம் கழித்து, பாத்திரம் கழுவிக்கொண்டே, திரும்பிப் பார்க்காமல், "என் பாட்டி லாவோ என்றுதான் சொல்லுவாள்" என்றார். அந்த ஒரு வரி என்னைத் தூங்கவிடவில்லை. லாவோஸில் மொத்தமே ஏறக்குறைய 75 லட்சம் பேர்தான். எல்லையாக ஓடும் மேகோங் ஆற்றுக்கு இந்தப் பக்கம், இந்த ஈசானில், இரண்டு கோடிக்கு மேல். அப்படியானால் லாவோக்காரர்களின் நாடு எது?

நீ காலமெல்லாம் வரலாறு சொல்லிக் கொடுத்தவள், நான் வங்கியில் நோட்டு எண்ணியவள். தப்பாக எழுதினால் சிவப்பு மையால் சுழித்து அனுப்பு.

ராத்திரி ரயிலில் நோங் காய் போய், அங்கிருந்து பஸ்ஸில் மேகோங் பாலத்தைக் கடந்தோம். 1994இல் ஆஸ்திரேலியா கட்டிக் கொடுத்த பாலம். தாய்லாந்தில் நம்மைப் போல இடப்பக்கம் ஓட்டுகிறார்கள், லாவோஸில் வலப்பக்கம். அக்கரை போனதும் வண்டிகளெல்லாம் ஒன்றையொன்று குறுக்கே தாண்டிப் பக்கம் மாறுகின்றன. இரண்டு கரையிலும் அதே முகம், அதே மூங்கில் கூடையில் அதே ஒட்டரிசிச் சோறு, கிட்டத்தட்ட அதே பேச்சு. ஓட்டுகிற பக்கம் மட்டும் வேறு. அது பிரெஞ்சுக்காரன் விட்டுப் போனது. அவன் கதைக்குப் பிறகு வருகிறேன்.

லாவோஸ் தலைநகர் வியன்டியானில் ஆற்றங்கரைப் பூங்காவில் அனுவோங் என்ற ராஜாவின் பெரிய சிலை நிற்கிறது. இடது கை வாள் பக்கம், வலது கை ஆற்றைத் தாண்டித் தாய்லாந்தை நோக்கி நீண்டிருக்கிறது. 2010இல் வைத்தார்களாம். ஆசீர்வாதமா, "கொடுத்துவிடு" என்று கேட்கிறாரா, தெரியாது. எனக்கு இரண்டாவதாகத்தான் பட்டது. ஏன் என்று சொல்கிறேன்.

1353இல் ஃபா நும் என்பவன் லான் சாங் என்ற அரசை நிறுவினான். பெயருக்குப் பத்து லட்சம் யானை என்று பொருள். பிறக்கும்போதே 33 பல் இருந்ததால் அபசகுனம் என்று ஆற்றில் விட்டுவிட்டார்கள் என்பது கதை. வளர்ந்தது கம்போடியாவில், அங்கோரின் கெமர் அரண்மனையில், பெண் எடுத்ததும் அங்கேதான். படையையும் அவர்களே கொடுத்தார்கள். அவன் மகனுக்கு சாம்சென்தாய் என்று பெயர், அதாவது 'மூன்று லட்சம் தாய் இனத்தார்'. 1376இல் ஆண்களைக் கணக்கெடுத்தபோது வந்த எண்ணிக்கையாம்! தலைக்கணக்கையே பட்டப்பெயராக வைத்துக்கொண்ட ராஜாவை எனக்கு ரொம்பப் பிடித்துவிட்டது. அந்த அரசு மேகோங்கின் இரண்டு கரையிலும் பரவியிருந்தது. அவர்களுக்கு ஆறு எல்லை இல்லை, நடுத்தெரு.

1560இல் சேத்தாதிராத் என்ற ராஜா, பர்மியப் படைக்குப் பயந்து தலைநகரை லுவாங் பிரபாங்கிலிருந்து வியன்டியானுக்கு மாற்றினான். சியாங் மாயிலிருந்து அவன் கொண்டு வந்த மரகத புத்தருக்கு ஒரு கோயிலும் கட்டினான். அப்புறம் சுலிஞா வோங்சா என்று ஒருவன், ஐம்பது வருஷத்துக்கு மேல் நல்லபடி ஆண்டவன். 1641இல் டச்சு வியாபாரி ஒருவர் வந்து பார்த்து எழுதி வைத்திருக்கிறார். அடுத்தவன் மனைவியோடு தொடர்பு வைத்த குற்றத்துக்காகச் சொந்த மகனுக்கே மரண தண்டனை கொடுத்தான் இவன். நம் மனுநீதிச் சோழன் உனக்கு ஞாபகம் வருவான், எனக்கும் வந்தான். ஆனால் இங்கே தெய்வம் வந்து பிள்ளையைத் திருப்பித் தரவில்லை. வாரிசில்லாமல் ராஜா செத்ததும் தகராறு மூண்டு, லுவாங் பிரபாங், வியன்டியான், சம்பாசாக் என்று நாடு மூன்றாக உடைந்தது.

உடைந்ததை சியாம், அதாவது அன்றைய தாய்லாந்து, விழுங்கியது. 1779இல் வியன்டியானைப் பிடித்து, மரகத புத்தரையும் ஆயிரக்கணக்கான குடும்பங்களையும் ஆற்றுக்கு இந்தப் பக்கம் கொண்டு வந்தார்கள். அனுவோங் பாங்காக்கில் பணயமாக வளர்ந்தவன். ராஜாவான பிறகு, 1825இல் சியாம் மன்னரின் இறுதிச் சடங்குக்கு வந்தபோது, கொண்டுபோன எங்கள் ஜனங்களைத் திருப்பி அனுப்புங்கள் என்று கேட்டிருக்கிறான். முடியாது என்று விட்டார்கள். கட்டாய வேலைக்காக அந்த ஜனங்களுக்குக் கையில் பச்சை குத்தும் வேலையும் சேர்ந்துகொண்டது. 1827இல் படையோடு கிளம்பினான், தோற்றான். வியட்நாமுக்கு ஓடித் திரும்பி வந்தபோது பிடிபட்டான். பாங்காக்கில் இரும்புக் கூண்டில் அடைத்து ஜனங்கள் பார்க்க வைத்தார்கள். 1829இல் செத்தான். அவன் நகரத்தை இடித்து எரித்து, மிச்சமிருந்தவர்களையும் ஓட்டிக்கொண்டு வந்துவிட்டார்கள். நாற்பது வருஷம் கழித்து வந்த பிரெஞ்சுக்காரர்கள் கண்டது காடு மூடிய இடிபாடு.

தப்பித்த ஒரே பெரிய கோயில் அனுவோங் கட்டிய வாட் சி சாகேத். சியாம் பாணியில் இருந்ததால் விட்டுவைத்தார்கள் என்கிறார்கள். சுற்று மண்டபச் சுவர் முழுக்க உள்ளங்கை அகல மாடங்கள், ஒவ்வொன்றிலும் ஜோடி ஜோடியாகக் குட்டி புத்தர்கள். நம் வீட்டுக் கார்த்திகை மாடம் மாதிரி. எதிர்ச்சாரியில் மரகத புத்தருக்குக் கட்டிய கோயில். இப்போது இருப்பது பிரெஞ்சுக்காரர் காலத்தில் திரும்பக் கட்டியது, அருங்காட்சியகமாக இருக்கிறது. உள்ளே வேறு சிலைகள் உண்டு, அவர் இல்லை. போன மாதம்தான் பாங்காக் அரண்மனையில் அவரை எட்டி நின்று கும்பிட்டிருந்தேன்.

இன்னொன்று கேள். இங்கே கோராட் நகரத்தில் யா மோ என்று ஒரு வீராங்கனைக்குச் சிலை இருக்கிறது. அனுவோங்கின் சிப்பாய்களுக்குச் சாராயம் ஊற்றிக் கொடுத்து மடக்கியவள் என்பது கதை. 1934இல் வைத்த சிலை. நம் சமையல் அம்மா அந்தப் பக்கம் போகும்போதெல்லாம் அவளுக்கு ஊதுபத்தி ஏற்றுவாராம். இவர் ஜனத்தைத் திருப்பிக் கேட்டவன் அங்கே சிலையாக நிற்கிறான், அவனை மறித்தவளுக்கு இவர் ஊதுபத்தி ஏற்றுகிறார். இதை அவரிடம் சொல்ல எனக்கு வாய் வரவில்லை.

பிரெஞ்சுக்காரன் கதைக்கு வருகிறேன், உங்கள் ஊரையும் ஆண்டவன்தானே. 1893இல் பாங்காக் ஆற்றுக்குள் பீரங்கிக் கப்பலை விட்டு மிரட்டி, மேகோங்கின் இடது கரை முழுவதையும் சியாமிடமிருந்து எழுதி வாங்கினார்கள். நடுத்தெரு அன்றைக்கு எல்லையாகிவிட்டது. அதற்கப்புறம்தான் சியாம் தன் கரையில் 'லாவோ' என்று பெயர் வைத்திருந்த மாகாணங்களை அவசரமாகப் பெயர் மாற்றியது. லாவோ என்ற சொல் இருந்தால் பிரெஞ்சுக்காரன் அதையும் கேட்பானே! அப்படி வந்ததுதான் இந்த ஈசானம். ஜனங்களின் பெயரை எடுத்துவிட்டுத் திசையின் பெயரை வைத்துவிட்டார்கள். அக்கரையில் பிரெஞ்சுக்காரன் 'லாவோ'வுக்குப் பின்னால் ஒரு ஸ் சேர்த்துவிட்டுப் போனான். அங்கே உள்ளவர்கள் யாரும் அந்த ஸ்ஸை உச்சரிப்பதில்லை.

மேகோங் வழியாகக் கப்பலிலேயே சீனா போய்விடலாம் என்று நினைத்திருந்தார்கள். தெற்கே கோன் அருவி குறுக்கே நின்றது. தீவுகளுக்கு நடுவே ஏழு கிலோமீட்டர் குட்டி ரயில் போட்டுப் படகையே ஏற்றிப் போனார்கள், அப்படியும் வியாபாரம் சூடு பிடிக்கவில்லை. அதனால் லாவோஸைக் கவனிப்பாரில்லை. அலுவலக வேலைக்கு வியட்நாம்காரர்களைக் கொண்டு வந்தார்கள், 1940களில் வியன்டியானில் பாதிக்கு மேல் அவர்கள்தான். உன் தாத்தா சைகோனில் இருந்தபோது லாவோஸைப் பற்றி ஏதாவது சொல்லியிருக்கிறாரா?

சுதந்திரம் 1953இல் வந்தது, நிம்மதி வரவில்லை. ஒரே அப்பாவுக்குப் பிறந்த இரண்டு இளவரசர்கள், சுவன்னா பூமா நடுநிலைக்கும் சுபானுவோங் கம்யூனிஸ்டுகளுக்கும் தலைவர்கள். தெற்கத்தி இளவரசர் ஒருவர் வலதுசாரி. சமாதானத்தை மேற்பார்க்க வந்த சர்வதேசக் குழுவுக்கு நம் இந்தியாதான் தலைமை. 1962இல் இது நடுநிலை நாடு என்று ஜெனீவாவில் எல்லோரும் கையெழுத்துப் போட்டார்கள். போட்ட பிறகு, 1964 முதல் 1973 வரை, வட வியட்நாம் படை தெற்கே போய்வந்த ஹோ சி மின் பாதையை அடைக்கிறேன் என்று அமெரிக்கா 20 லட்சம் டன்னுக்கு மேல் குண்டு போட்டது. சராசரியாக எட்டு நிமிஷத்துக்கு ஒரு விமானச் சுமை, ராத்திரி பகல், ஒன்பது வருஷம்! கொத்துக் குண்டுக்குள் இருக்கும் குட்டிக் குண்டை அங்கே 'பாம்பி' என்கிறார்கள். டென்னிஸ் பந்து அளவு. 27 கோடி விழுந்ததில் எட்டுக் கோடி வரை வெடிக்காமல் மண்ணில் தங்கிவிட்டது. சண்டை முடிந்த பிறகு மட்டும் 20,000 பேருக்கு மேல் அதில் செத்தோ ஊனப்பட்டோ போயிருக்கிறார்கள்.

வியன்டியானில் செயற்கைக் கால் செய்து கொடுக்கும் இடத்தில் ஒரு கண்காட்சி வைத்திருக்கிறார்கள். கிராமத்து ஜனங்கள் தாங்களே செய்து மாட்டிக்கொண்ட பழைய கால்கள் அங்கே இருக்கின்றன. மரத்தில், மூங்கிலில், தகரத்தில். ஒன்றின் உள்பக்கம் பழந்துணி அடைத்து, தேய்ந்து தேய்ந்து வழவழவென்று ஆகியிருந்தது. அதற்கு மேல் அங்கே நிற்க முடியவில்லை, வெளியே வந்து ஒரு மரத்தடியில் உட்கார்ந்துவிட்டேன்.

1975இல் கம்யூனிஸ்டுகள் வந்தார்கள். ராஜா முடி துறந்தார், பிறகு வடக்கே ஒரு முகாமுக்குக் கொண்டு போனார்கள், அங்கேயே செத்தார். பத்தில் ஒருவர் நாட்டை விட்டு ஓடினார்கள், பெரும்பாலோர் இதே ஆற்றைக் கடந்துதான்.

கனமாகிவிட்டது, நோட்டுக் கதை சொல்கிறேன். அவர்கள் பணத்துக்குப் பெயர் கிப், ஒரு டாலருக்கு 20,000 கிப்புக்கு மேல். ஏடிஎம்மில் கை வைத்ததும் லட்சாதிபதி. அவர்களுடைய 1000 கிப் நோட்டில் மூன்று பெண்கள் சிரித்துக்கொண்டு நிற்கிறார்கள். சமவெளிக்காரி, மலைச்சரிவுக்காரி, மலையுச்சிக்காரி. ஏனென்றால் நாட்டில் அதிகாரபூர்வமாகவே 50 இனங்கள், லாவோ இனத்தார் பாதிக்குக் கொஞ்சம் மேல்தான். பழங்கதையில் எல்லா ஜனங்களும் ஒரு பெரிய சுரைக்காய்க்குள்ளிருந்து வருகிறார்கள். காய்ச்சிய கம்பியால் போட்ட ஓட்டை வழியாக முதலில் வந்தவர்கள் கம்மு இனத்தார், அதனால் கறுப்பாம். உளியால் வெட்டிய ஓட்டை வழியாகப் பின்னால் வந்தவர்கள் லாவோக்கள். ஆகவே கம்முக்கள் அண்ணன்மார். கேட்க நன்றாக இருக்கிறது. ஆனால் அந்த அண்ணன்மாரை லாவோக்கள் அழைத்துவந்த பழைய சொல் 'கா', அடிமை என்று பொருள். சியாம் செய்ததைச் சொல்லும்போது இதையும் சொல்லத்தானே வேண்டும்.

அப்புறம் புது ரயிலில் லுவாங் பிரபாங், இரண்டே மணி நேரம். சீனா போட்ட பாதை, கடன் கழுத்துவரை என்கிறார்கள். சித்திரைப் பிறப்புதான் அவர்களுக்கும் வருஷப் பிறப்பு, நம்மோடு சேர்ந்தே வருகிறது. ஊருக்குப் பெயர் கொடுத்த பா பாங் புத்தரை அப்போது வெளியே எடுத்து மூன்று நாள் கோயில் முற்றத்தில் வைக்கிறார்கள். 83 சென்டிமீட்டர்தான், இலங்கையில் வார்த்தது என்பது நம்பிக்கை. சியாம் இவரையும் இரண்டு தடவை தூக்கிப் போய்த் திருப்பிக் கொடுத்தது. அசல் வேறெங்கோ பூட்டி வைத்திருக்கிறது என்ற வதந்தியும் உண்டு. நாக வடிவில் செதுக்கிய நீளமான மரத்தொட்டியில் பூப்போட்ட தண்ணீரை ஊற்றினால், அது ஓடிப்போய் சிலைமேல் விழுகிறது. எனக்கு முன்னால் நின்ற பாட்டி, தண்ணீர் போய்ச் சேரும்வரை குடத்தைக் கீழே வைக்கவில்லை. கீழே வடிந்ததை ஒரு பாட்டிலில் பிடித்துக்கொண்டு போனார். நான் பிடிக்க மறந்துவிட்டேன்.

அவர்கள் ராமாயணத்துக்குப் பெயர் 'பிரா லாக் பிரா லாம்'. தம்பி லட்சுமணன் பெயர்தான் முதலில். உன் தம்பியிடம் இதைச் சொல்லாதே, ஏற்கெனவே அவனுக்குத் தலைக்கனம்.

திரும்பி வந்த அன்று சமையல் அம்மா என் மணிக்கட்டில் வெள்ளை நூல் கட்டினார். மனுஷ உடம்பில் 32 'குவான்', அதாவது உயிரைக் காக்கும் ஆவிகள், உண்டாம், ஊர் ஊராய்ப் போகும்போது ஒன்றிரண்டு வழியில் தங்கிவிடுமாம், அதையெல்லாம் கூப்பிட்டுக் கட்டிப்போட. மூன்று நாளாவது அவிழ்க்கக் கூடாது என்றார். அதற்கு மேலேயே ஆகிவிட்டது. மஞ்சள் கறை ஏறிவிட்டது, இன்னும் அவிழ்க்கவில்லை. அவருக்கு அங்கிருந்து என்ன வாங்கி வரட்டும் என்று போகும்போது கேட்டிருந்தேன். "அங்கே இருப்பதெல்லாம் எங்கள் ஊரிலும் இருக்கிறது" என்று சொல்லிவிட்டார்.

உன்னால் ஒரு காரியம் ஆக வேண்டும். தாத்தாவின் டிரங்குப் பெட்டியைப் பரணிலிருந்து இறக்கச் சொல். அதில் பிரெஞ்சுக்காரன் காலத்து இந்தோசீனப் பணமான பியாஸ்டர் நோட்டுகள் இருந்ததைச் சின்ன வயசில் நீ காட்டியிருக்கிறாய். 1950களில் அடித்தவை சிலவற்றில் லாவோ எழுத்தும் உண்டு, வட்டம் வட்டமாக, ஜிலேபி பிழிந்த மாதிரி இருக்கும். பல்லவர் எழுத்தின் பேத்தி என்று நீதான் எப்போதோ சொன்னாய். இருந்தால் படம் எடுத்து அனுப்பு, சமையல் அம்மாவிடம் காட்ட வேண்டும். தாய்லாந்து எழுத்துத் தெரிந்தவர்கள் அதைத் தட்டுத்தடுமாறிப் படித்துவிடுவார்களாம்.

ஜூனில் வருகிறேன். தைலத்தை மறக்காதே.

உன்,
வசந்தா